எண்ணிப் பார்த்த மருத்துவர்: வாந்திபேதி பரவும் வழி கண்டறியப்பட்ட வரலாறு



அறிவியல் வரலாற்றில் அடிக்கடி சொல்லப்படும் கதை ஒன்று உண்டு. 1854ஆம் ஆண்டில் இலண்டன் மாநகரில் வாந்திபேதி பரவியது. ஜான் ஸ்னோ என்னும் மருத்துவர் நிலப்படம் ஒன்றை வரைந்தார். இறந்தவர்கள் எல்லாரும் ஓர் அடிகுழாயைச் சுற்றியே வாழ்ந்திருந்ததைக் கண்டார். உடனே அக்குழாயின் கைப்பிடியைக் கழற்றச் செய்தார். நோய் நின்றது. உலகம் உண்மையை ஏற்றுக்கொண்டது.

கேட்பதற்கு இனிய கதை. மாணவர்களுக்குச் சொல்லவும் எளிது. ஆனால், நடந்தது அவ்வாறன்று. நிலப்படம் பிறகுதான் வரையப்பட்டது. கைப்பிடி கழற்றப்படுவதற்கு முன்பே நோய் தணியத் தொடங்கிவிட்டது. மருத்துவ உலகின் பெரும்பகுதி அவர் வாழ்நாளில் அவர் கருத்தை ஏற்றுக்கொள்ளவே இல்லை. உண்மை வரலாறு இக்கதையைவிடச் சற்று நீளமானது. எனினும், நம் பிள்ளைகள் அறிய வேண்டியது அதைத்தான் என்பது என் எண்ணம்.

தமிழில் ‘எண்ணுதல்’ என்னும் சொல் இரு பொருள் தரும். ஒன்று சிந்தித்தல், மற்றொன்று கணக்கிடுதல். வாந்திபேதி பரவும் வழி கண்டறியப்பட்ட வரலாற்றை அந்த ஒரு சொல்லிலேயே அடக்கிவிடலாம்.

அச்சுறுத்திய நோய்

வாந்திபேதி எனப்படும் காலரா வங்காளப் பகுதியில் நெடுங்காலமாக இருந்து வந்த நோய். 1817ஆம் ஆண்டில் அது அங்கிருந்து புறப்பட்டு ஆசியா முழுவதும் பரவத் தொடங்கியது. கப்பல் சென்ற இடமெல்லாம் நோயும் சென்றது. 1831ஆம் ஆண்டில் இங்கிலாந்தின் சண்டர்லேண்டு துறைமுகத்தை அடைந்தது. நம் வட்டாரமும் தப்பவில்லை. 1873இல் சிங்கப்பூரில் வாந்திபேதி பரவியதன் விளைவாகவே, மறு ஆண்டு செயிண்ட் ஜான் தீவில் கப்பல் பயணிகளைத் தனிமைப்படுத்தி வைக்கும் நிலையம் திறக்கப்பட்டது.

காலையில் நலமாக இருந்தவர் மாலையில் பிணமாவார். அரிசி கழுவிய நீரைப் போன்ற கழிச்சல் ஓயாமல் போகும். உடலின் நீரெல்லாம் வற்றும், கண்கள் குழியும், தோல் நீலம் பாரிக்கும். நினைவு மட்டும் பெரும்பாலும் இறுதிவரை தெளிவாக இருக்கும். தாம் இறப்பதைத் தாமே பார்த்துக்கொண்டிருக்க வேண்டிய கொடுமை அது.

நாற்றமே நோய் என்ற நம்பிக்கை

இந்நோய் எப்படிப் பரவுகிறது? அக்கால மருத்துவர்களில் பெரும்பாலோர் சொன்ன விடை ஒன்றே: கெட்ட காற்று. அழுகிய பொருள்களிலிருந்தும் சாக்கடைகளிலிருந்தும் எழும் நச்சுக்காற்றே நோயைத் தருகிறது என்று அவர்கள் நம்பினார்கள்.

இதை மூடநம்பிக்கை என்று நாம் எளிதில் ஒதுக்கிவிடக் கூடாது. நாற்றம் மிகுந்த ஏழையர் குடியிருப்புகளில் நோய் மிகுந்திருந்தது கண்கூடு. வில்லியம் ஃபார் என்னும் புள்ளியியல் அறிஞர், தேம்ஸ் ஆற்றை ஒட்டிய தாழ்நிலங்களில் இறப்பு மிகுதி என்றும், நிலம் உயர உயர இறப்புக் குறைகிறது என்றும் கணக்கிட்டுக் காட்டினார். அக்கணக்கில் பிழையில்லை. தாழ்வான இடத்தில் நச்சுக்காற்று தேங்கும் என்று அவர் கொண்ட விளக்கமே பிழையானது. தாழ்நிலத்து மக்கள் பலர் குடித்தது ஆற்றின் அழுக்கு நீரை என்பதற்கு அப்போது அவர் முதன்மை தரவில்லை.

இந்நம்பிக்கையால் ஒரு பெருங்கேடும் விளைந்தது. வீட்டு மலக்குழிகளின் நாற்றத்தைப் போக்க வேண்டும் என்று கருதிய அதிகாரிகள், கழிவையெல்லாம் சாக்கடை வழியே தேம்ஸ் ஆற்றில் விடச் செய்தார்கள். அதே ஆற்றிலிருந்துதான் இலண்டன் மக்களில் பலருக்குக் குடிநீர் எடுக்கப்பட்டது. 1848, 1849ஆம் ஆண்டுகளில் வந்த நோயில் இலண்டனில் மட்டும் ஏறத்தாழ 14,000 பேர் மாண்டனர்.

சுரங்கத்தில் தோன்றிய ஐயம்

ஜான் ஸ்னோ 1813ஆம் ஆண்டில் யார்க் நகரில் எளிய தொழிலாளர் ஒருவரின் மூத்த மகனாகப் பிறந்தார். பதினான்கு அகவையில் மருத்துவம் பயிலச் சென்றார். நோய் முதன்முதலாக இங்கிலாந்தில் நுழைந்தபோது, கில்லிங்வொர்த் நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்களுக்கு மருத்துவம் பார்க்க அந்த இளைஞர் அனுப்பப்பட்டார். நிலத்தடியில் சாக்கடையும் இல்லை, சதுப்பும் இல்லை. ஆயினும் தொழிலாளர்கள் மடிந்தார்கள். கழிப்பிடமோ கை கழுவ நீரோ இல்லாத அந்த இருளிலேயே அவர்கள் உணவும் உண்டார்கள்.

பின்னர் அவர் இலண்டனில் மயக்க மருந்து கொடுப்பதில் வல்லவரானார். 1853இல் விக்டோரியா அரசியாரின் பேறுகாலத்தில் குளோரோபாம் கொடுத்தவர் அவரே. மூச்சுவழிச் செல்லும் ஆவி உடலில் எவ்வாறு செயற்படும் என்பதை அவரைவிட நன்கறிந்தவர் அன்று மிகச் சிலரே. நச்சுக்காற்றுக் கொள்கையை அவர் ஐயுற்றதில் வியப்பில்லை.

அவருடைய கேள்வி எளியது. நோய் காற்றில் வருமானால் நுரையீரலையோ குருதியையோ அன்றோ முதலில் தாக்க வேண்டும்? இதுவோ வயிற்றில் தொடங்குகிறது. எனவே, நோய்ப்பொருள் வாய்வழியே விழுங்கப்படுகிறது. நோயாளியின் கழிவிலிருந்து கை வழியாகவும் குடிநீர் வழியாகவும் அடுத்தவர் வாயை அடைகிறது. இக்கருத்தை 1849ஆம் ஆண்டிலேயே சிறு நூலாக வெளியிட்டார். மருத்துவ உலகம் சான்று கேட்டது. கேட்டது முறையே. ஸ்னோ சான்று தேடப் புறப்பட்டார்.

ஒரே தெரு, இரு குழாய்கள்

தென் இலண்டனில் இரண்டு நிறுவனங்கள் ஒரே தெருக்களில் குடிநீர் வழங்கின. ஒரு வீட்டிற்குச் சவுத்வர்க் வாக்ஸால் நிறுவனத்தின் குழாய். அடுத்த வீட்டிற்கு லேம்பெத் நிறுவனத்தின் குழாய். முன்னது நகரக் கழிவு கலந்த பேட்டர்சி பகுதியில் நீர் எடுத்தது. பின்னது 1852இல் ஆற்றின் மேற்பகுதியில், கழிவு வந்து சேராத இடத்திற்கு மாறிவிட்டது.

செல்வர், வறியர், முதியோர், குழந்தையர் என எல்லா வகையினரும் இரு பிரிவிலும் கலந்திருந்தனர். அவர்கள் மூச்சுவிட்ட காற்று ஒன்றே. குடித்த நீர் மட்டும் வேறு. இதைவிடச் சிறந்த சோதனையை யாரால் திட்டமிட முடியும்?

1854இல் நோய் வந்தபோது ஸ்னோ வீடு வீடாகச் சென்று விசாரித்தார். இறப்பு நேர்ந்த வீட்டிற்கு எந்த நிறுவனத்தின் நீர் வருகிறது என்று கேட்டார். பலருக்குத் தெரியவில்லை. ஒரு குப்பியில் அவ்வீட்டு நீரைப் பிடித்து வந்து, வெள்ளி நைத்திரேட்டைச் சேர்த்துச் சோதித்தார். கீழ்ப்பகுதி நீரில் உப்பு ஏறத்தாழ 40 மடங்கு மிகுதி. நீரே தன் பிறப்பிடத்தைச் சொல்லிவிட்டது.

நோயின் முதல் ஏழு வாரக் கணக்கு இது. சவுத்வர்க் வாக்ஸால் நீர் பெற்ற 40,046 வீடுகளில் 1,263 பேர் இறந்தனர். லேம்பெத் நீர் பெற்ற 26,107 வீடுகளில் இறந்தோர் 98 பேர். பத்தாயிரம் வீட்டுக்கு எனக் கணக்கிட்டால், முன்னதில் 315 இறப்பு, பின்னதில் 37. எட்டு மடங்குக்கும் மேல் வேறுபாடு.

பிராட் தெருவின் அடிகுழாய்

இவ்வாய்வு நடந்துகொண்டிருக்கும்போதே, ஸ்னோவின் வீட்டிற்கு அருகிலுள்ள சோஹோ பகுதியில் பேரிடி விழுந்தது. ஆகஸ்டு 31ஆம் நாள் இரவு தொடங்கிப் பத்தே நாளில், பிராட் தெருவைச் சுற்றிய சிறு வட்டாரத்தில் ஐந்நூறுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். உயிர் பிழைத்தவர்கள் பெருமளவில் வீடுகளை விட்டு வெளியேறினார்கள்.

அத்தெருவின் அடிகுழாய் நீரை ஸ்னோ எடுத்துப் பார்த்தார். நீர் ஏறக்குறையத் தெளிவாகவே இருந்தது. குறை சொல்லும்படி பெரிதாக எதுவும் தென்படவில்லை. ‘கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்’ என்பார்கள் நம் முன்னோர். ஸ்னோ தீர விசாரித்தார்.

பதிவகத்திலிருந்து 83 இறப்புகளின் பட்டியலைப் பெற்றார். அவற்றில் 73 பேர் அந்த அடிகுழாய்க்கு அருகில் வாழ்ந்தவர்கள். அவர்களில் 61 பேர் அந்நீரைக் குடித்தது உறுதியாயிற்று. எஞ்சிய 10 பேரின் வீடுகள் வேறு அடிகுழாய்களுக்கு அருகில் இருந்தன. கொள்கைக்கு இடையூறான இந்தப் பத்துப் பேரை அவர் ஒதுக்கிவிடவில்லை. அவர்களுடைய வீடுகளையும் தேடிச் சென்றார். ஐந்து குடும்பத்தினர் பிராட் தெரு நீரையே விரும்பி எடுத்து வந்தவர்கள். மூவர் அத்தெருவின் அருகிலுள்ள பள்ளிக்குச் சென்ற பிள்ளைகள்.

அடுத்து, இறக்காதவர்களையும் தேடிச் சென்றார். அருகிலிருந்த ஏழையர் விடுதியில் 535 பேர் இருந்தும் இறந்தவர்கள் ஐவர் மட்டுமே. அவ்விடுதிக்குத் தனிக் கிணறு இருந்தது. அதே தெருவில் பீர் காய்ச்சும் தொழிற்சாலையில் எழுபதுக்கும் மேற்பட்டோர் பணிபுரிந்தனர், ஒருவரும் இறக்கவில்லை. அவர்கள் தங்கள் ஆலையின் பானத்தையே குடித்தார்கள். அடிகுழாயின் பக்கமே போகவில்லை.

எல்லாவற்றினும் வலிய சான்று தொலைவிலிருந்து வந்தது. நோயே இல்லாத ஹாம்ஸ்டெட் பகுதியில் கைம்பெண் ஒருவர் இறந்தார். அவர் முன்பு பிராட் தெருவில் வாழ்ந்தவர். அந்நீரின் சுவையை மறக்க முடியாமல் நாள்தோறும் ஒரு பெரிய குப்பியில் வரவழைத்துக் குடித்து வந்தார். அவரைக் காண வந்த உறவுப்பெண்ணும் அந்நீரைக் குடித்து, நோயில்லாத தம் ஊருக்குத் திரும்பி அங்கே மாண்டார். ஹாம்ஸ்டெட்டுக்குச் சோஹோவின் காற்று வரவில்லை. தண்ணீர் மட்டுமே வந்தது.

செப்டம்பர் 7ஆம் நாள் மாலை, ஸ்னோ வட்டார நிருவாகக் குழுவினரைச் சந்தித்துத் தம் கருத்தைக் கூறினார். மறுநாள் கைப்பிடி கழற்றப்பட்டது. ஆனால், அதற்குள் நோயின் வேகம் தணிந்திருந்தது. ஸ்னோ இதை மறைக்கவில்லை. மக்கள் வெளியேறியதால் நோய் குறைந்ததா, நீரிலிருந்த நஞ்சு முன்பே தீர்ந்துவிட்டதா என்பதை முடிவாகச் சொல்ல இயலாது என்று தம் நூலில் அவரே எழுதினார். தமக்குப் புகழ் சேர்க்கக்கூடிய ஒன்றை, உறுதியில்லை என்பதால் உறுதியில்லை என்றே எழுதிய நேர்மையை எண்ணிப் பாருங்கள்.

மறுக்க வந்தவர்

இக்கதையில் பலரும் சொல்லாமல் விட்டுவிடும் மனிதர் ஒருவர் உண்டு. அவர் ஹென்றி ஒயிட்ஹெட் என்னும் இளம் பாதிரியார். நோயுற்ற வீடுகளுக்குள் இரவு பகலாகச் சென்று ஆறுதல் கூறியவர். ஸ்னோவின் கருத்தைக் கேட்டதும் அது தவறு என்றே கருதினார். அந்நீரைக் குடித்தும் பிழைத்தவர்களை அவர் அறிவார். முறையாக விசாரித்தால் ஸ்னோவின் கருத்து உடைந்துவிடும் என்று நம்பி விசாரணையைத் தொடங்கினார்.

மக்கள் அவரை அறிந்திருந்தார்கள்; அவருக்குக் கதவுகள் திறந்தன. ஒரே வீட்டிற்கு மூன்று, நான்கு முறைகூடச் சென்றார். அடிகுழாய் நீரைக் குடித்த 137 பேரில் 80 பேருக்கு நோய் கண்டது. குடிக்காத 297 பேரில் 20 பேருக்கே கண்டது. மறுக்கத் தொடங்கிய பாதிரியார் தம் கணக்கிற்குத் தலைவணங்கினார்.

அதோடு நில்லாமல், ஸ்னோ காணாத ஒன்றையும் அவர் கண்டார். அடிகுழாயை ஒட்டிய 40ஆம் எண் வீட்டில் ஐந்து மாதக் குழந்தை ஒன்று கழிச்சலால் இறந்திருந்தது. எல்லாருக்கும் முன்பே நோயுற்ற குழந்தை அது. அதன் துணிகளை அலசிய நீரைத் தாய் வீட்டு முன்புறக் கழிவுக்குழியில் ஊற்றியிருந்தார். குழியைத் தோண்டிப் பார்த்தபோது, அது கிணற்றிலிருந்து மூன்றடி தூரம்கூட இல்லை என்பது தெரிந்தது. செங்கற்கள் சிதைந்து, கழிவு கிணற்றுப் பக்கமாகக் கசிந்திருந்தது.

அவ்வீட்டில் குழந்தையின் தந்தையும் நோயுற்றார். அவர் நோயில் விழுந்த நாள் செப்டம்பர் 8. கைப்பிடி கழற்றப்பட்ட அதே நாள். அவருடைய கழிவும் அதே குழிக்குள்தான் சென்றது. கைப்பிடி இருந்திருந்தால் மக்கள் அந்நீரை மீண்டும் குடித்திருப்பார்கள்; நோய் மீண்டும் மூண்டிருக்கலாம். கைப்பிடி கழற்றப்பட்டதன் உண்மையான பயன் இதுவே. அது முதல் அலையை நிறுத்தவில்லை. இரண்டாம் அலையைத் தடுத்திருக்கக்கூடும்.

ஏற்க மறுத்த உலகம்

வட்டார விசாரணைக் குழு 1855இல் அடிகுழாயே காரணம் என்று முடிவு செய்தது. அரசின் சுகாதார வாரியமோ ஏற்கவில்லை. நச்சுக்காற்றே காரணம் என்று அதன் அறிவியல் குழு உறுதியாக நின்றது. ஸ்னோ தம் நூலை விரிவாக்கி, நிலப்படத்தையும் சேர்த்து, 200 பவுனுக்கு மேல் செலவிட்டு வெளியிட்டார். அத்தனை ஷில்லிங்குகூட அவருக்குத் திரும்பி வரவில்லை என்று அவர் நண்பர் பின்னாளில் எழுதினார்.

1858ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் ஸ்னோ 45ஆம் அகவையில் காலமானார். புகழ்பெற்ற ‘லேன்செட்’ மருத்துவ இதழ் வெளியிட்ட சில வரி இரங்கற் குறிப்பில் வாந்திபேதி பற்றி ஒரு சொல்கூட இல்லை. அவ்விதழ் அக்குறையைத் திருத்தி எழுதியது 2013ஆம் ஆண்டில்தான்.

அதே 1858 கோடையில் தேம்ஸ் ஆற்றின் நாற்றம் பாராளுமன்றத்தையே கலங்கச் செய்தது. ஜோசப் பேசல்ஜெட் என்னும் பொறியாளரின் பெரும் சாக்கடைத் திட்டம் தொடங்கியது. நாற்றத்தை விரட்டுவதற்காகக் கட்டிய சாக்கடை, கழிவைக் குடிநீரிலிருந்து பிரித்தது. தவறான காரணத்திற்காகச் செய்த சரியான செயல் அது.

1866இல் நோய் மீண்டும் வந்தபோது, சாக்கடைப் பணி முடியாத கிழக்கு இலண்டனே பெரிதும் மடிந்தது. அப்போது இறப்புகளை ஆராய்ந்து, ஒரு குடிநீர் நிறுவனத்தின் மூடப்படாத நீர்த்தேக்கத்தைக் குற்றஞ்சாட்டியவர் யார் தெரியுமா? நச்சுக்காற்றை நம்பிய அதே வில்லியம் ஃபார்! ஸ்னோவை ஏற்காத காலத்திலும் அவர் தம் இறப்புப் பட்டியல்களை ஸ்னோவுக்குத் தடையின்றி வழங்கியவர். இறுதியில் கணக்கு சொன்னதை அவரும் ஏற்றார்.

கிருமியைக் கண்டவர்கள்

நோய்க் கிருமியை 1854ஆம் ஆண்டிலேயே இத்தாலியின் புளோரன்ஸ் நகரில் பிலிப்போ பாச்சினி நுண்ணோக்கியில் கண்டு எழுதினார். எவரும் பொருட்படுத்தவில்லை. 1884இல் செருமானிய அறிஞர் இராபர்ட் கோக் கல்கத்தாவில் அதைத் தனியே பிரித்து வளர்த்து, உலகறியச் செய்தார்.

அப்போதும் எதிர்ப்பு ஓயவில்லை. 1892இல் மியூனிக் பேராசிரியர் பெட்டன்கோஃபர், கிருமி மட்டும் நோய் தராது என்று காட்டக் கிருமிக் கரைசலையே குடித்தார். இலேசான கழிச்சலோடு தப்பினார். அதே ஆண்டில் ஹாம்பர்க் நகரில் ஏறத்தாழ 8,600 பேர் மாண்டனர். அந்நகரம் ஆற்று நீரை வடிகட்டாமல் வழங்கியது. ஒட்டியிருந்த அல்டோனா நகரம், ஹாம்பர்க்கின் கழிவு கலந்த அதே ஆற்று நீரை மணலில் வடிகட்டி வழங்கிப் பெரும்பாலும் தப்பியது. ஒரே தெரு, இரு குழாய்கள் என்ற பழைய பாடம் மீண்டும் எழுதப்பட்டது.

இக்கிருமி சுரக்கும் நஞ்சே குடலிலிருந்து நீரை வெளியேற்றுகிறது என்பதை 1959இல் மெய்ப்பித்தவர், கல்கத்தாவின் சம்பு நாத் தே என்னும் அறிஞர். நோய் பிறந்த மண்ணிலேயே அதன் மறைபொருள் அவிழ்ந்தது.

வகுப்பறைக்கும் வீட்டிற்கும்

ஆசிரியர்களே, இவ்வரலாற்றை அடுத்த முறை வகுப்பில் சொல்லும்போது, முடிவை முதலில் சொல்லிவிடாதீர்கள். “83 பேர் இறந்தனர், 73 பேர் அடிகுழாய்க்கு அருகில் இருந்தவர்கள், மற்றப் பத்துப் பேரை என்ன செய்வீர்கள்?” என்று கேளுங்கள். “விட்டுவிடலாம்” என்று சில பிள்ளைகள் சொல்லக்கூடும். “போய்க் கேட்டுப் பார்க்கலாம்” என்று ஒரு பிள்ளை சொன்னால், அன்றைய பாடம் நிறைவேறிவிட்டது.

பெற்றோர்களே, பிள்ளை தன் கருத்து தவறென்று உணர்ந்து மாற்றிக்கொள்ளும்போது அதைத் தோல்வியாகக் கருதாதீர்கள். ஒயிட்ஹெட் பாதிரியார் தோற்கவில்லை. தம் கருத்தைக் காப்பதைவிட உண்மையைக் காண்பதே பெரிது என்று கொண்டதால்தான், ஸ்னோவாலும் காண முடியாததை அவர் கண்டார்.

இந்நோய் இன்னும் உலகை விட்டு நீங்கவில்லை. 2010இல் ஹெய்ட்டி நாட்டில் பரவி ஏறத்தாழ 10,000 உயிர்களைக் கொண்டது. அங்கும் ஆற்றின் வழியே ஊர் ஊராகக் கணக்கெடுத்தே நோயின் தொடக்கத்தைக் கண்டார்கள். தூய குடிநீரும் கழிப்பிடமும் இல்லாத இடத்தில் வாந்திபேதிக்கு என்றும் வழி திறந்தே இருக்கும்.

பிராட் தெரு இன்று பிராட்விக் தெரு எனப்படுகிறது. அங்கே கைப்பிடியில்லாத அடிகுழாய் ஒன்றை நினைவுச் சின்னமாக வைத்திருக்கிறார்கள். காண்போர் கண்ணுக்கு அது ஒரு கைப்பிடியைக் காட்டாமல் காட்டுகிறது. அந்த வெற்றிடத்திற்குப் பின்னால், ஒவ்வொரு கதவையும் தட்டி, ஒவ்வோர் இறப்பையும் எண்ணி, எண்ணியதைப் பற்றி மீண்டும் எண்ணிய இரு மனிதர்கள் இருக்கிறார்கள். அவர்களை நம் பிள்ளைகள் அறியட்டும்.